போனவன் சொல்வதா, இருந்தவர் சொல்வதா?

எல்லாவற்றையும் விட்டுவிட்டு ஒருவன் கிளம்புகிறான். கதையில் இதை யார் வாயால் சொல்வது? எழுத உட்காரும் பலரும் யோசிக்காமல் ‘நான்’ என்று ஆரம்பித்துவிடுகிறார்கள். என் முதல் வரைவும் அப்படித்தான் இருந்தது.

தன்மையில், அதாவது ‘நான்’ என்று சொன்னால் கிளம்புகிறவனின் உடம்பு கிடைக்கும். செருப்பைக் கையில் பிடித்தபடி படியிறங்கும்போது உள்ளங்காலில் ஏறும் சில்லிப்பை அவனைத் தவிர யார் சொல்ல முடியும்? ஆனால் அடுத்த வரியிலேயே காரணம் சொல்லத் தொடங்குவான். மூன்றாம் பக்கத்துக்குள் கதை வாக்குமூலமாகிவிடும். அப்புறம் இன்னொரு சங்கடம்: எல்லாவற்றையும் விட்டவன் உட்கார்ந்து தன் கதையைச் சொல்கிறான் என்றால், தன்னைப் பற்றிப் பேசும் ஆசையை மட்டும் விடவில்லை என்றுதானே அர்த்தம்? தெரிந்தே இந்த முரணோடு விளையாடத் தெரிந்தவருக்குத்தான் தன்மை கைகொடுக்கும்.

படர்க்கை பாதுகாப்பானது. வீட்டை விட்டுக் கிளம்பும் ஒருவனைப் பற்றிய, ஜெர்மன் மொழி எழுத்தாளர் ஹெஸ்ஸேயின் ‘சித்தார்த்தா’ (1922) நாவல் அப்படித்தான் நகர்கிறது. ‘நான்’ என்றால் தற்பெருமையாகத் தொனிக்கும் வரிகள் ‘அவன்’ என்னும்போது உறுத்துவதில்லை. முன்னிலையில் எழுதுவது, ‘நீ கதவைத் திறக்கிறாய்’ பாணி, ஒரு பக்கத்துக்குச் சரி. அதற்கு மேல் யாரோ கட்டளையிடுவது போலிருக்கும்.

என் ஓட்டு, போனவனை வெளியிலிருந்து பார்த்தவருக்கு. சாமர்செட் மாமின் ‘தி மூன் அண்ட் சிக்ஸ்பென்ஸ்’ (1919) நாவலில், குடும்பத்தையும் வேலையையும் உதறிவிட்டு ஓவியம் வரையப் போன பங்குத் தரகரின் கதையை அவர் சொல்வதில்லை. அவர் மனைவி கேட்டுக்கொண்டதால் பாரிசுக்குப் போய்ப் பார்க்கும் ஓர் எழுத்தாளர் சொல்கிறார். தரகர் வேறொரு பெண்ணோடு ஓடிவிட்டார் என்று எல்லோரும் நம்பிக்கொண்டிருக்க, மட்டமான ஓட்டல் ஒன்றில் அவர் தனியாக இருக்கிறார். அந்தத் தப்புக் கணக்குதான் காட்சியின் உயிர். அவரே கதை சொல்லியிருந்தால் முதல் பக்கத்திலேயே உண்மை வெளிவந்திருக்கும், அல்லது நம்மிடம் வேண்டுமென்றே மறைத்திருக்க வேண்டும்.

இதைப் பார்த்தபின் என் கதையை மகளின் பார்வைக்கு மாற்றினேன். விடிகாலையில் எழுந்து வருகிறாள். மேசைமேல் வீட்டுச் சாவி. அப்பாவின் பல் பிரஷ் வைத்த இடத்திலேயே இருக்கிறது. படிக்கிற கண்ணாடியை மட்டும் காணோம். அவர் ஏன் போனார் என்று விளக்கி எழுதியிருந்த இரண்டு பக்கங்களையும் அடித்துவிட்டேன்.