ஃபிட்ஸ்ஜெரால்டின் ஒரு நாவல், இரண்டு வரிசை: எதை வாசிப்பது?

அமெரிக்க எழுத்தாளர் ஸ்காட் ஃபிட்ஸ்ஜெரால்டின் 'டெண்டர் இஸ் த நைட்' நாவல் இரண்டு வடிவங்களில் இருக்கிறது. 1934இல் அவர் உயிரோடிருந்தபோது வந்தது ஒன்று. அவர் இறந்து 11 ஆண்டு கழித்து, 1951இல், விமர்சகர் மால்கம் கௌலி காலவரிசைப்படி அடுக்கிக் கொடுத்தது இன்னொன்று. பழைய புத்தகக் கடையில் எது கைக்கு வரும் என்று சொல்ல முடியாது, பார்த்து எடுங்கள்.

1934 பதிப்பு 1925ஆம் ஆண்டின் பிரெஞ்சு ரிவியேரா கடற்கரையில் தொடங்குகிறது. இளம் நடிகை ரோஸ்மேரி, டிக் டைவரைப் பார்த்து மயங்குகிறாள். கூடவே நாமும். அவன் மனைவி நிகோலிடம் ஏதோ சரியில்லை என்பது மட்டும் அங்கங்கே தட்டுப்படும். இரண்டாம் பாகம்தான் நம்மை 1917க்குக் கூட்டிப்போகிறது: டிக் மனநல மருத்துவர், நிகோல் ஸ்விட்சர்லாந்தில் சிகிச்சை பெற்ற நோயாளி.

கௌலி இந்தப் பகுதியை முதலில் வைக்கிறார். டிக் எவ்வளவு கெட்டிக்காரன், எங்கே சறுக்கினான் என்பது தெளிவாகப் புரிகிறது. ஆனால் கடற்கரைக்கு வரும்போது நமக்கு எல்லாமே தெரியும். ரோஸ்மேரியின் மயக்கம் வெறும் சிறுபிள்ளைத்தனமாகிவிடுகிறது. பெரிய இழப்பு இது.

சரி, கௌலி இஷ்டத்துக்கு மாற்றினாரா? இல்லை. உண்மையான தொடக்கம் நடுவில் மாட்டிக்கொண்டதுதான் பெரிய குறை என்று 1938இல் பதிப்பாசிரியர் மேக்ஸ்வெல் பெர்க்கின்ஸுக்கு ஃபிட்ஸ்ஜெரால்டே எழுதினார். சொந்தப் பிரதியைப் பிரித்து வரிசை மாற்றியும் வைத்திருந்தார்.

ஆனாலும் நான் 1934 பக்கம்தான். அவருடைய முந்தைய நாவலான 'த கிரேட் கேட்ஸ்பி'க்குப் பிறகு இந்த நாவலுக்கு 9 ஆண்டுகள் ஆயின. இடையில் 1930இல் மனைவி ஸெல்டாவின் மனநிலை குலைந்தது. மருத்துவச் செலவு, பணத்துக்காகப் பத்திரிகைக் கதைகள், விடாத குடி. மூன்றாம் பாகம் முழுவதையும் போதையின் துணையோடு எழுத நேர்ந்ததே என்று 1935இல் அதே பெர்க்கின்ஸிடம் வருந்தினார். டிக் முழுசாக விழுவது அந்தப் பாகத்தில்தான்; அவசரமும் அங்கேதான் தெரிகிறது. தொடக்கத்தை இடம் மாற்றி அதை எப்படிச் சரிசெய்வது? எதிர்பார்த்த அளவு விற்காத புத்தகத்துக்கு, மனம் நொந்திருந்த எழுத்தாளர் தவறான இடத்தில் வைத்தியம் தேடியதாகவே எனக்குப் படுகிறது.

முதல் பக்கத்திலேயே ஸ்விட்சர்லாந்தின் ஸூரிக் நகரம் வந்தால் அது கௌலி பதிப்பு. முதல் வாசிப்புக்கு அது வேண்டாம். காலவரிசையில் படிக்க ஆசையிருந்தால், இரண்டாம் முறை 1934 பிரதியிலேயே இரண்டாம் பாகத்தின் தொடக்க அத்தியாயங்களை முதலில் படித்துக்கொள்ளலாம்.