அரசு அலுவலகம் என்று நம்பிப் பேசினேன்: என் மகளின் 3,354 டாலர் போனது

இன்று காலை ஆறாவது முறையாக என் வங்கிக் கணக்கிலிருந்து 517 டாலர் 50 சென்ட் எடுக்கப்பட்டிருக்கிறது. ஆறு முறை எடுத்ததையும், தொடக்கத்தில் ‘பதிவுக் கட்டணம்’ என்று வாங்கிக்கொண்ட 249 டாலரையும் கூட்டினால் 3,354 டாலர். இது என் பணம்கூட இல்லை. ஒன்பது வயதாகும் என் மகளின் பராமரிப்புக்காக நீதிமன்றம் விதித்த பணம். எடுத்தவர் என் முன்னாள் கணவரும் இல்லை. அவரிடமிருந்து வசூலித்துத் தருகிறோம் என்று வந்தவர்கள்தான் எடுத்திருக்கிறார்கள். டெக்சாஸில் என்னைப் போல் தனியாகக் குழந்தை வளர்க்கும் தமிழ்ப் பெண்கள் பலர் இருப்பது எனக்குத் தெரியும். அவர்களில் ஒருவராவது இந்த வசூல்காரர்களின் எண்ணுக்கு அழைக்காமல் இருந்தால் போதும் என்றுதான் மகளைப் பள்ளியில் விட்டுவிட்டு, வங்கிக்கும் போய்விட்டு வந்த கையோடு இதை எழுதுகிறேன். புகார் நிலுவையில் இருப்பதால் நிறுவனத்தின் பெயரைச் சொல்லவில்லை. சைல்ட் சப்போர்ட் வசூலித்துத் தருவதாக இணையத்தில் விளம்பரம் செய்யும் தனியார் நிறுவனம் என்பதோடு நிறுத்திக்கொள்கிறேன்.

டாலஸ் பக்கத்தில் வசிக்கிறேன். விவாகரத்துத் தீர்ப்பில் மாதம் 1,150 டாலர் சைல்ட் சப்போர்ட் என்று எழுதப்பட்டிருக்கிறது. ஊரில் இதைச் சொன்னால் ‘ஜீவனாம்சமா’ என்று கேட்கிறார்கள். இல்லை, மனைவிக்குத் தரும் தொகை வேறு; இது குழந்தைக்கு உரியது. இங்கே அந்தத் தொகையைத் தந்தையின் சம்பளத்திலிருந்து நிறுவனமே பிடித்து, மாநிலத்தின் பட்டுவாடாப் பிரிவுக்கு அனுப்பிவிடும். அங்கிருந்து நம் கணக்குக்கு வரும். அவர் வேலை மாறும் வரை ஒரு மாதம்கூடத் தவறவில்லை. கடந்த ஆண்டுக்கு முந்தைய ஆண்டு அக்டோபரில் பழைய வேலையை விட்டார், பிடித்தமும் நின்றது. புதிய வேலை எங்கே என்று என்னிடம் சொல்லவில்லை. வாட்ஸாப்பில் கேட்டபோதெல்லாம் ‘பார்க்கலாம்’ என்று மட்டும் பதில் வந்தது. இப்படியே எட்டு மாதம் போய், கடந்த ஆண்டு ஜூன் மாதத்தில் நிலுவை 9,200 டாலர் ஆகியிருந்தது. விவாகரத்தை நடத்திய வக்கீலிடம் கேட்டேன். மறுபடியும் மனுப் போட 3,500 டாலர் முன்பணம் வேண்டும் என்றார்.

அன்று இரவு மகள் தூங்கிய பிறகு கைப்பேசியில் ‘டெக்சாஸ் சைல்ட் சப்போர்ட்’ என்று தேடினேன். முதலில் வந்ததைத் தொட்டேன். அதன் மேல் ‘ஸ்பான்சர்டு’, அதாவது காசு கொடுத்துப் போட்ட விளம்பரம், என்று எழுதியிருந்ததை நான் கவனிக்கவே இல்லை. பெயரிலேயே மாநிலமும் இருந்தது, சைல்ட் சப்போர்ட்டும் இருந்தது. டெக்சாஸ் மாநிலச் சின்னத்தைப் போல, நீல வட்டத்துக்குள் ஒற்றை நட்சத்திரம். ஆஸ்டினுக்கு உரிய 512 என்று தொடங்கும் தொலைபேசி எண். தலைநகரத்து எண்ணைப் பார்த்தபின் யாருக்குச் சந்தேகம் வரும்? பக்கத்தின் அடியில், சாம்பல் நிறப் பொடி எழுத்தில், ‘நாங்கள் அரசு நிறுவனம் அல்ல’ என்று ஒரு வரி இருந்தது. அதை நான் படித்தது அக்டோபரில், இரண்டு விரலால் திரையைப் பெரிதாக்கிப் பார்த்தபோதுதான்.

மறுநாள் மதிய இடைவேளையில், அலுவலக வாகன நிறுத்தத்தில் காருக்குள் உட்கார்ந்தபடி அழைத்தேன். ஆங்கிலத்தில் பேசியவர் என் பெயரைக் கேட்டதும், தமிழில் பேச ஆள் இருக்கிறார், வேண்டுமா என்றார். அரை நிமிடம் இசை ஓடியது. பிறகு ஒரு பெண் குரல், “சொல்லுங்கக்கா” என்றது. மதுரைப் பக்கத்துப் பேச்சு. எட்டு மாதமாக வக்கீலிடமும் வங்கியிலும் பள்ளியிலும் ஆங்கிலத்தில் மிடுக்காகப் பேசிக்கொண்டிருந்த எனக்கு, அந்த ஒரு ‘அக்கா’வில் அழுகை வந்துவிட்டது. அந்தப் பெண் அவசரப்படவில்லை. நான் அழுது முடிக்கும் வரை காத்திருந்தாள். மகள் எந்த வகுப்பு, பாட்டு டான்ஸ் எதற்காவது போகிறாளா என்றெல்லாம் விசாரித்தாள். “நீங்க ஏன்க்கா கோர்ட்டு கோர்ட்டா அலையணும், எல்லாத்தையும் நாங்க பாத்துக்கறோம்” என்றாள்.

நான் கேட்காமல் இல்லை. “நீங்கள் அரசு அலுவலகம்தானே?” என்று நேராகவே கேட்டேன். அதற்கு வந்த பதிலை இப்போது வரிக்கு வரி நினைத்துப் பார்க்கிறேன்: “நாங்க ஸ்டேட்டோட ஆர்டரைத்தான் அமல்படுத்தறோம்க்கா.” ஆம் என்று அவள் சொல்லவில்லை. எனக்குத்தான் ஆம் என்று கேட்டது.

கிரீன் கார்டு விண்ணப்பம் நிலுவையில் இருக்கிறதே, அரசிடம் போய் நின்றால் அதைப் பாதிக்குமா என்ற பயமும் எனக்கு இருந்தது. அதைச் சொன்னதும், “எதுக்குக்கா ரிஸ்க், எல்லாம் நம்ம வழியாவே போகட்டும்” என்றாள். அரசு அலுவலகம்தானா என்று ஒரு நிமிடத்துக்கு முன் கேட்ட நான், அரசிடம் போக வேண்டாம் என்று அவளே சொல்லும்போது விழித்துக்கொண்டிருக்க வேண்டாமா? விழிக்கவில்லை. “அவரோட பாஸ்போர்ட்டையே முடக்கிடுவோம்” என்றும் சொன்னாள். அதைக் கேட்டு, வெட்கமாகத்தான் இருக்கிறது, எனக்கு ஒரு சந்தோஷமும் வந்தது.

பேசிக்கொண்டிருக்கும்போதே பதினான்கு பக்க ஒப்பந்தம் கைப்பேசிக்கு வந்தது. ‘இங்கே கையெழுத்திடவும்’ என்று மஞ்சள் அம்புக்குறி. தொட்டால் அடுத்த அம்புக்குறிக்குத் தானே தாவும். நடுவில் இருக்கும் பத்திகள் கண்ணில் படவே வாய்ப்பில்லை. நான்கு நிமிடத்தில் முடித்துவிட்டேன். கார்டில் 249 டாலர் போனது. வசூலாகும் பணத்தைச் செலுத்துவதற்கு என்று வங்கிக் கணக்கு எண்ணையும் கொடுத்தேன். அது செலுத்துவதற்கு மட்டுமல்ல, எடுப்பதற்கும் சேர்த்துக் கொடுத்த அனுமதி என்பது பதினோராம் பத்தியில் இருக்கிறதாம்.

ஜூன், ஜூலை இரண்டு மாதமும் ஒன்றும் நடக்கவில்லை. ஆகஸ்டில் என்னோடு வேலை செய்யும் பெண் ஒருத்தி, “அட்டர்னி ஜெனரல் அலுவலகத்தில் விண்ணப்பித்துவிட்டாயா?” என்று சாதாரணமாகக் கேட்டாள். அப்போதுதான் டெக்சாஸில் சைல்ட் சப்போர்ட் திட்டத்தை நடத்துவது மாநில அரசின் தலைமை வக்கீலான அட்டர்னி ஜெனரலின் அலுவலகம் என்பதே எனக்குத் தெரிந்தது. அவர்களுடைய தளத்தில் அன்றிரவே விண்ணப்பித்தேன். கட்டணம் ஒரு சென்ட்கூட இல்லை. புதிதாக ஒருவரை வேலைக்கு எடுக்கும் நிறுவனம் 20 நாட்களுக்குள் அவர் விவரத்தை மாநிலத்துக்குத் தெரிவிக்க வேண்டும் என்று 1996-ஆம் ஆண்டின் கூட்டாட்சிச் சட்டம் ஒன்று இருக்கிறது. அந்தப் பதிவேட்டிலிருந்தே என் முன்னாள் கணவருடைய புதிய நிறுவனத்தைக் கண்டுபிடித்து, சம்பளத்தில் பிடிக்கச் சொல்லி உத்தரவு அனுப்பிவிட்டார்கள். அக்டோபரில் பணம் வரத் தொடங்கியது. அதற்குள் நிலுவை 12 மாதம், 13,800 டாலர் ஆகியிருந்ததால், அதை இரண்டு ஆண்டுகளில் அடைக்கும் கணக்கில் மாதம் 575 டாலரும் சேர்த்து, மொத்தம் 1,725 டாலர்.

அந்த மகிழ்ச்சி ஒரு வாரம்கூட நிலைக்கவில்லை. 1,725 டாலரில் 30 சதவீதம், அதாவது 517 டாலர் 50 சென்ட், என் கணக்கிலிருந்து எடுக்கப்பட்டிருந்தது. ஏதோ தவறு நடந்துவிட்டது என்று நினைத்து அழைத்தேன். தவறு இல்லையாம். ஒப்பந்தம் நடப்பில் உள்ள வரை, ‘எந்த வழியில், யாருடைய முயற்சியால் வசூலானாலும்’ 30 சதவீதம் அவர்களுக்கு உரியதாம். நிலுவையில் மட்டும் அல்ல, மாதாமாதம் வரும் 1,150 டாலரிலும் சேர்த்து.

நீங்கள் என்ன வேலை செய்தீர்கள் என்று கேட்டேன். கோப்பின் நகல் வேண்டும் என்று மூன்று முறை மின்னஞ்சல் அனுப்பிய பிறகு, ஒரே ஒரு கடிதத்தின் நகலை அனுப்பினார்கள். அந்தக் கடிதம் என் முன்னாள் கணவருடைய பழைய நிறுவனத்துக்கு எழுதப்பட்டது. அவர் வேலையை விட்டுப்போன நிறுவனத்துக்கு! விட்டுவிட்டார் என்று முதல் அழைப்பிலேயே நான்தான் சொல்லியிருந்தேன். அந்த ஒரு தாளுக்கு 3,354 டாலர்.

அந்தத் தமிழ்ப் பெண்ணிடம் பேச வேண்டும் என்று கேட்டேன். அவர் இப்போது அந்தப் பிரிவில் இல்லை என்றார்கள். அடுத்த முறை, அப்படி ஒருவர் இருந்ததாகப் பதிவே இல்லை என்றார்கள். மேற்பார்வையாளர் ஒருவர் வந்து, என் மனநிலை அவருக்கு நன்றாகப் புரிகிறது என்று ஒரே அழைப்பில் நான்கு முறை சொன்னார். பணத்தைப் பற்றி ஒரு முறையும் பேசவில்லை. சட்டப் பிரிவு பத்து வேலை நாட்களில் பதில் தரும் என்றார்கள். பத்து நாள் கழித்து அழைத்தால் புகாருக்குப் புதிய எண் கொடுத்து, பத்து நாளை மறுபடி முதலிலிருந்து எண்ணத் தொடங்கினார்கள். ஒப்பந்தத்தை ரத்து செய்கிறேன் என்றதற்கு, மீதி நிலுவை முழுவதற்கும் 30 சதவீதத்தை இப்போதே கட்டினால் ரத்து செய்யலாம் என்று எழுத்தில் பதில் வந்தது. அந்தக் கடிதத்தின் கடைசி வரி ‘உங்கள் குழந்தையின் நலனே எங்கள் நோக்கம்’.

வங்கியிலும் என் அறியாமைக்கு விலை கொடுத்தேன். டிசம்பர் 10-ஆம் தேதி தொலைபேசியில் அழைத்து, இந்த நிறுவனத்துக்குப் பணம் போகக் கூடாது என்றேன். சரி என்றார்கள். ஜனவரி 5-ஆம் தேதி மறுபடியும் போனது. வாயால் சொன்னதை 14 நாட்களுக்குள் எழுத்தில் உறுதிப்படுத்த வேண்டும் என்று வங்கி கேட்கலாம், செய்யாவிட்டால் நிறுத்த உத்தரவு காலாவதி ஆகிவிடும் என்று அப்போதுதான் விளக்கினார்கள். எழுத்தில் கொடுத்தேன். பிப்ரவரியில் நிறுவனத்தின் பெயரில் ஓர் எழுத்து மாறி, வேறு அடையாள எண்ணில் எடுத்திருந்தார்கள். இன்றும் அப்படியே.

வயிறு எரிவது பணத்துக்காக மட்டும் இல்லை. அந்தத் தமிழ்ப் பெண் சொன்ன ஒவ்வொன்றும் என்ன என்று இப்போது தெரிகிறது. கூட்டாட்சி அரசின் சட்டத்தின் கீழ் 1975 முதல் நடக்கும் திட்டம் இது; எல்லா மாநிலத்திலும் உண்டு. குடியுரிமை இல்லாதவர்களும் விண்ணப்பிக்கலாம். வருவது அரசு உதவிப் பணம் இல்லை, குழந்தையின் தந்தை தர வேண்டிய பணம் என்பதால், அரசுக்குப் பாரமாக இருப்பவரா என்று கிரீன் கார்டுக்குப் பார்க்கும் ‘பப்ளிக் சார்ஜ்’ கணக்கில் அது வராது. பாஸ்போர்ட்டை மறுப்பதும் வருமான வரித் திருப்புத் தொகையைப் பிடிப்பதும் அரசுத் திட்டத்தின் வழியாக மட்டுமே நடக்கும். தனியார் நிறுவனத்துக்கு அந்த அதிகாரம் கிடையாது. 2,500 டாலருக்கு மேல் நிலுவை இருந்தால் அமெரிக்கப் பாஸ்போர்ட்டை மறுப்பார்கள் என்பது உண்மை. ஆனால் அவர் கையில் இருப்பது இந்தியப் பாஸ்போர்ட். அதை அமெரிக்க அரசு மறுக்கவோ முடக்கவோ முடியாது. அவர் என்ன பாஸ்போர்ட் என்று அந்தப் பெண் கேட்கவே இல்லை. அவர் வேலையை விட்டு இந்தியாவுக்கே போய்விட்டால் நிலைமை இன்னும் மோசம்; பிள்ளைகளின் பராமரிப்புத் தொகையை நாடுகளுக்கிடையே வசூலிப்பதற்கான 2007-ஆம் ஆண்டு ஹேக் உடன்படிக்கையில் அமெரிக்கா இருக்கிறது, இந்தியா இல்லை. அரசுத் திட்டத்தில் இருக்கும் கட்டணம் என்று பார்த்தால், பொதுநல உதவி பெறாத குடும்பத்துக்கு ஆண்டில் 550 டாலர் வசூலான பிறகு 35 டாலர். முப்பத்தைந்து. என்னிடம் போனது 3,354.

என்ன செய்ய வேண்டும் என்று விரிவாக எழுதலாம் என்று உட்கார்ந்தேன். மணி இரண்டேமுக்கால் ஆகிவிட்டது, மகளை அழைத்து வரப் போக வேண்டும். அதனால் சுருக்கமாக: முகவரி ‘டாட் கவ்’ (.gov) என்று முடியாத எந்தப் பக்கத்தையும் அரசு என்று நம்பாதீர்கள். தேடலில் முதலில் வருவதைத் தொடாதீர்கள். ‘நீங்கள் அரசா’ என்று கேட்டு, ‘ஆம்’ அல்லது ‘இல்லை’ என்ற ஒற்றைச் சொல்லை வாங்காமல் விடாதீர்கள். வசூலில் சதவீதம் கேட்டால் போனை வையுங்கள். கணக்கு எண்ணைக் கொடுத்துவிட்டவர்கள் வங்கிக்கு இன்றே எழுத்தில் கொடுங்கள், அனுமதியைத் திரும்பப் பெறுகிறேன் என்று நிறுவனத்துக்கும் எழுதுங்கள், இரண்டின் நகலையும் வைத்துக்கொள்ளுங்கள். தமிழில் பேசுகிறார்கள் என்பதற்காக நம்பாதீர்கள். இதை எழுத எனக்கே கஷ்டமாக இருக்கிறது.

இன்று காலை வங்கியில், பிப்ரவரியிலும் மார்ச்சிலும் எடுத்தது என் அனுமதி இல்லாமல் எடுத்தது என்று மறுப்பு மனு கொடுத்திருக்கிறேன். நுகர்வோர் நிதிப் பாதுகாப்பு அமைப்பிடமும், அட்டர்னி ஜெனரல் அலுவலகத்தின் நுகர்வோர் பிரிவிலும் புகார் பதிவு செய்தாயிற்று. கிடைத்தால் 1,035 டாலர் திரும்ப வரும். மீதியைப் பற்றி யாரும் எதுவும் சொல்லவில்லை. ஏப்ரல் 5-ஆம் தேதிக்குள் அந்தக் கணக்கை மூடிவிட்டு வேறு வங்கியில் புதிதாகத் திறக்கப் போகிறேன். பட்டுவாடாப் பிரிவுக்குப் புதிய எண்ணைக் கொடுக்கும் படிவம் மேசை மேல் இருக்கிறது. இந்த முறை ஒவ்வொரு வரியையும் படித்துத்தான் கையெழுத்துப் போடுவேன். அது ஒரே பக்கம்தான்.