தேக்கடிப் படகில் மூன்று நிமிடங்கள்

இடது கரையில் யானை நிற்கிறது என்று யாரோ கூவியதும், தேக்கடிப் படகின் மேல்தட்டில் வலப்பக்கம் உட்கார்ந்திருந்தவர்களில் பாதிப் பேர் எழுந்து இடப்பக்கக் கம்பியை நோக்கி ஓடினார்கள். படகு சற்றே சாய்ந்தது. மிகச் சிறிய சாய்வுதான். மடியில் இருந்த தண்ணீர் பாட்டில் உருளும் அளவுக்குக்கூட இல்லை. ஆனால் அருகில் இருந்த அம்மா என் மணிக்கட்டைப் பற்றிய பற்றில் அவருடைய வளையல் என் தோலில் பதிந்துவிட்டது. அவர் யானையைப் பார்க்கவில்லை. காலடியில் இருந்த தளத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

2009 செப்டம்பர் 30 அன்று இதே ஏரியில் ஜலகன்யகா என்ற இரண்டடுக்குப் படகு கவிழ்ந்து 45 பேர் இறந்தார்கள். கரையில் விலங்குகளைக் கண்ட பயணிகள் ஒரே பக்கமாகத் திரண்டதும் அதற்கு ஒரு காரணம் என்று அப்போதே பேசப்பட்டது. எங்கள் வீடு கம்பத்தில்; மலை ஏறினால் குமுளி, குமுளியை ஒட்டித் தேக்கடி. அன்றிரவு எங்கள் தெருவில் யாரும் உறங்கவில்லை என்று அம்மா தொலைபேசியில் சொன்னபோது நான் நியூசிலாந்தின் கிறைஸ்ட்சர்ச் நகரில் இருந்தேன். அதன் பிறகு அவர் அந்தப் படகில் ஏறியதே இல்லை. இந்த டிசம்பரில் பேத்தி அழைத்தாள் என்பதற்காக மட்டுமே வந்தார்.

இப்போது எல்லோருக்கும் உயிர்காப்பு அங்கி தருகிறார்கள், இருக்கைக்கு ஓர் ஆள் என்ற கணக்கும் இருக்கிறது. அந்த நம்பிக்கையைச் சொல்லித்தான் அம்மாவை அழைத்து வந்தேன். கூட்டம் எழுந்து ஓடிய நேரத்தில் அந்தச் சமாதானம் எதுவும் அவருக்குப் போதவில்லை. எனக்கும் போதவில்லை.

படகுப் பணியாளரான இளைஞர் விசிலை ஊதிக்கொண்டே வந்தார். "இரிக்கூ, எல்லாரும் இரிக்கூ, உட்காருங்க" என்று இரண்டு மொழிகளிலும் கெஞ்சினார். கைபேசியைத் தலைக்கு மேலே தூக்கிப் பிடித்திருந்த ஒருவர் திரும்பிப் பார்க்காமலேயே "ஒரு நிமிஷம், ஒரு நிமிஷம்" என்றார். அந்த இளைஞர் ஒருவரை உட்கார வைத்தால் அடுத்த வரிசையில் இருவர் எழுந்தார்கள். அவரை அதட்டியவரும் உண்டு: "காசு கொடுத்துத்தானே வந்திருக்கோம்." என் மகளும் இருக்கையிலிருந்து பாதி எழுந்துவிட்டாள் என்பதையும் சொல்ல வேண்டும். பதினான்கு வயது, முதல் காட்டு யானை. தோளைப் பிடித்து அழுத்தி உட்கார வைத்தேன். அவள் முகம் வாடியதைப் பார்க்க எனக்குப் பொறுக்கவில்லை, ஆனால் கையை எடுக்கவும் இல்லை.

கரையில் நின்றது ஒரு பெண் யானையும் அதன் குட்டியும். கூச்சலும் விசிலும் தண்ணீரின் மேல் பரவியதும் தாய் குட்டியைத் தன் வயிற்றுப் பக்கம் தள்ளி நிறுத்தி, காதுகளை விரித்து ஒருமுறை எங்களைப் பார்த்தது. பிறகு புல் சரிவில் ஏறி, ஈற்றை என்னும் மெல்லிய மூங்கில் காட்டுக்குள் போய்விட்டது. எழுந்து ஓடியவர்களின் கைபேசிகளில் விழுந்தது யானையின் பின்புறமும் அவரவருக்கு முன்னால் நின்றவர்களின் தலைகளும்தான். மொத்தமும் மூன்று நிமிடங்களுக்குள் முடிந்துவிட்டது. அதற்குப் பிறகு கரைக்கு வந்து சேரும்வரை அம்மா என் கையை விடவில்லை. மனத்தில் நானும் அந்த மூன்று நிமிடங்களை விட்டு நகரவில்லை.

நான் ஏழாம் வகுப்புப் படிக்கும்போது பள்ளியில் எங்களை இதே ஏரிக்கு அழைத்து வந்தார்கள். படகில் ஏறும் முன்பே ஆசிரியர் எங்களைக் கரையில் வரிசையாக உட்கார வைத்து, யார் எழுந்தாலும் வீட்டுக்குச் சொல்லி அனுப்புவேன் என்று சொல்லிவிட்டார். அந்தப் பயத்தில் நாங்கள் இருமக்கூட இல்லை. நீரில் நின்ற பட்டமரம் ஒன்றின் அடியில் நீர்நாய்க் கூட்டம் மீனைப் பங்கு போட்டுத் தின்றதை வெகு அருகில் பார்த்தோம். இந்த முறை அவ்வளவு பெரிய கூட்டத்துக்கு அப்படி இரண்டு நிமிடம் எடுத்துச் சொல்ல யாரும் இல்லை. தமிழ், மலையாளம், இந்தி, ஆங்கிலம் என்று நான்கு மொழிகளில் ஓர் ஒலிப்பதிவைப் படகு கிளம்பும் முன் போட்டால்கூடப் போதும்: எழாதீர்கள், கத்தாதீர்கள், ஏன் கத்தக் கூடாது என்றால் இதற்காக. சபரிமலைக் காலத்தில் குமுளியில் குவியும் கூட்டத்தைச் சமாளிப்பதே பெரும்பாடு என்பது எனக்குத் தெரியாததல்ல. விசிலை ஊதிக்கொண்டிருந்த அந்த இளைஞர் ஒருவரே அத்தனை பேரையும் கட்டுப்படுத்த வேண்டியிருந்தது என்பதுதான் என் வருத்தம்.

பயணம் முழுவதும் ஏரியைப் பற்றி ஒரு சொல்லும் சொல்லப்படாதது அதைவிட உறுத்தியது. இது இயற்கை ஏரி அல்ல. ஆங்கிலேயப் பொறியாளர் பென்னிகுயிக் 1895-இல் முல்லைப் பெரியாறு அணையைக் கட்டி முடித்தபோது மேற்கே ஓடிய ஆறு இங்கே தேங்கி நின்றது. பள்ளத்தாக்கில் இருந்த மரங்கள் நின்ற இடத்திலேயே மூழ்கின. அவற்றின் கறுத்த அடிமரங்கள்தான் நூற்றாண்டு கடந்தும் இன்றும் நீருக்கு மேலே நீட்டிக்கொண்டிருக்கின்றன. அவற்றின் மேல் நீர்க்காகமும் பாம்புத்தாராவும் சிறகை விரித்துக் காயவைக்கின்றன. தேங்கிய நீர் மலையைக் குடைந்த சுரங்கம் வழியாகக் கிழக்கே இறங்கிக் கம்பம் பள்ளத்தாக்கில் 14,707 ஏக்கர் இருபோக நெல்லுக்குப் பாய்ந்து, வைகையோடு சேர்ந்து மதுரைக்கும் அதற்கு அப்பாலும் போகிறது. நான் வளர்ந்த வீட்டின் சோறு இந்தத் தண்ணீரில் விளைந்தது. பாலார்பட்டியில் ஜனவரி 15 அன்று பென்னிகுயிக் பிறந்தநாளுக்குப் பொங்கல் வைக்கிறார்கள். எங்கள் படகில் இருந்த பலர் அந்தப் பட்டமரங்களின் முன்னால் நின்று படம் எடுத்துக்கொண்டார்கள். அவை ஏன் அங்கே நிற்கின்றன என்று கேட்ட ஒரு சிறுவனுக்கு அவன் தந்தை "தீப்பிடிச்சிருக்கும்" என்று பதில் சொன்னார். தவறு அந்தத் தந்தையுடையதல்ல. சொல்ல வேண்டியவர்கள் சொல்லவில்லை.

நியூசிலாந்தின் தென்தீவில் வானாக்கா என்றோர் ஏரி இருக்கிறது. அதன் நடுவில் மோ வாஹோ என்ற சிறு தீவு, காட்டுயிர்க் காப்பிடம். இரண்டு ஆண்டுகளுக்கு முன் குடும்பத்தோடு போயிருந்தோம். படகில் ஏறும் முன்பே பைகளைத் திறந்து பார்க்கச் சொன்னார்கள். எலியோ விதையோ தீவுக்குள் போய்விடக் கூடாது என்பது அங்கே முதல் கவலை. எங்களோடு வந்தவர்களை எண்ணினால் பத்துப் பேர்கூட இல்லை. படகோட்டி இயந்திரத்தை நிறுத்திவிட்டு, பனியாறு குடைந்த இந்தப் பள்ளத்தில் தண்ணீர் எப்படி நிறைந்தது என்று கதைபோலச் சொன்னார். தீவில் இறங்கி ஏறினால் உச்சிக்கு அருகில் ஒரு குளம், அந்தக் குளத்துக்குள் சிறு சிறு தீவுகள். வழியில் வெகா என்ற பறக்காத பறவை காலைச் சுற்றி வந்தது. அதன் வெளிர்நிற இனம் தென்தீவிலேயே அற்றுப்போய்விட்டது. 1905-இல் சாத்தம் தீவுகளுக்குக் கொண்டுபோய் விடப்பட்டவற்றின் வழித்தோன்றல்கள்தான் 2004-இல் மோ வாஹோவுக்குத் திரும்பி வந்தன. கீழே இறங்கும் முன் எங்கள் குழு ஒரு மரக்கன்றை நட்டது.

ஒப்பிடுவது முறையல்ல என்று என் தம்பி சொன்னான். அவன் சொல்வதில் நியாயம் இருக்கிறது. வௌவாலைத் தவிர அந்த நாட்டுக்கே உரிய நிலப் பாலூட்டி எதுவும் இல்லாத ஒரு தேசத்தில், கரையில் யானையைக் கண்டு கத்தும் சோதனை யாருக்கும் வருவதில்லை. பெரியாறு புலிகள் காப்பகம் 925 சதுர கிலோமீட்டர். அதற்குள்ளே சபரிமலை இருக்கிறது, சித்திரைப் பௌர்ணமிக்கு மட்டும் திறக்கும் மங்கலதேவி கண்ணகி கோட்டமும் இருக்கிறது. கோயிலும் காடும் அணையும் சுற்றுலாவும் ஒரே இடத்தில் நெருக்கிக்கொண்டு நிற்கும்போது ஆளுக்கொரு கன்று நடச் சொல்ல முடியாது. ஆனாலும் பேசத் தெரிந்த ஓர் ஆளைப் படகில் உட்கார வைக்க முடியும். அப்படிப்பட்டவர்கள் தேக்கடியில் இல்லாமல் இல்லை என்பது மறுநாள் காலையில்தான் எனக்குத் தெரிந்தது.

மறுநாள் நானும் மகளும் மட்டும் வழிகாட்டியோடு காட்டு நடைக்குப் போனோம். வழிகாட்டி, மன்னான் பழங்குடியினர் வாழும் மன்னாக்குடியைச் சேர்ந்தவர். மன்னான் மக்களின் வாய்மொழி மரபு அவர்களின் முன்னோரை மதுரையோடு சேர்த்துச் சொல்லும்; அவர் பேசிய தமிழில் எங்கள் பாட்டி பேசிய சில சொற்கள் இருந்தன. முழங்கால் வரை வரும் துணிக் காலுறையை மகளின் காலில் மாட்டி, நாடாவை இரண்டு சுற்றுச் சுற்றி முடிச்சிட்டு, விரலில் எடுத்த மூக்குப்பொடியைக் காலணியின் ஓரம் முழுவதும் அழுத்தித் தேய்த்தார். "அட்டை கண்ணுக்குத் தெரியிற வரைக்கும் பயப்படாதே பாப்பா, ஏறின பிறகு பிடுங்காதே, என்னைக் கூப்பிடு" என்றார். மூங்கில் தெப்பத்தில் நிற்க வைத்து, கரைக்குக் கரை கட்டியிருந்த கயிற்றை இழுத்தே எங்களை ஏரியின் குறுகிய கையைக் கடக்க வைத்தார். நேற்றைய இயந்திர ஓசைக்குப் பிறகு, கயிறு ஈரத்தில் உரசும் சத்தம் மட்டும் கேட்டது.

அரை மணி நேரத்தில் ஒரு மரத்தின் முன் நிறுத்தினார். வயணா என்று பெயர் சொன்னார்; இலவங்கப்பட்டையின் காட்டு உறவு. இடுப்பு உயரத்திலிருந்து தலைக்கு மேல் வரை பட்டை உரிக்கப்பட்ட பழைய தழும்பு, இரண்டு பக்கமும் உதடுபோலத் தடித்து உள்நோக்கி மூடிக்கொண்டு வந்திருந்தது. நடுவில் இரண்டு விரல் அகலத்துக்கு மரம் இன்னும் வெளுத்துத் தெரிந்தது. இந்தப் பட்டையைத் திருட்டுத்தனமாக உரித்து விற்று வாழ்ந்தவர்களை 1990-களின் பிற்பகுதியில் வனத்துறை வழக்குகளிலிருந்து மீட்டு, காவல் சுற்றுக்கும் வழிகாட்டும் வேலைக்கும் எடுத்துக்கொண்டது. காட்டின் ஒவ்வொரு மடிப்பும் அவர்களுக்குத் தெரியும் என்பதே அவர்களுடைய தகுதி. மகள் தழும்பின் மேல் கையை வைத்துப் பார்த்தாள். கீழே உதிர்ந்து கிடந்த இலை ஒன்றைக் கசக்கி முகரக் கொடுத்தார்; பிறகு அதை அங்கேயே போடச் சொல்லிவிட்டார்.

கருமந்தி குரல் கேட்டது, மலை அணில் ஒன்று கொம்பில் தலைகீழாகத் தொங்கிப் பழம் தின்றது. அதன் பிறகு ஒரு வளைவில் யானைப் பிண்டம் கிடந்தது. அவர் குனிந்து புறங்கையை அதன் மேல் அணைத்தாற்போலப் பிடித்தார். எங்களை நோக்கி உதட்டில் விரலை வைத்தார். "சூடு இருக்கு சார். பக்கத்துல நிக்கிது. இந்த வழி வேண்டாம்." குரலே இல்லை, மூச்சுதான். மகள் என்னைப் பார்த்தாள். நேற்று என் கை அழுத்திய அதே தோளை நான் தொட வேண்டிய தேவையே இருக்கவில்லை. அவளாகவே திரும்பி, அவர் வைத்த அடியிலேயே அடி வைத்து, வந்த வழியில் நடந்தாள். ஈற்றை முறியும் சத்தம் மட்டும் ஒருமுறை கேட்டது. நாங்கள் யானையைப் பார்க்கவே இல்லை.

கம்பத்துக்குத் திரும்பியதும் அவள் பாட்டியிடம் முதலில் சொன்னது அதைத்தான்: யானை பக்கத்தில் இருந்தது, நாங்கள் திரும்பி வந்துவிட்டோம். அம்மா அவளை அருகில் உட்கார வைத்து, முழுவதையும் மறுபடி சொல்லச் சொன்னார்.

கிறைஸ்ட்சர்ச் விமான நிலையத்தில், காட்டில் நடந்த காலணிகள் இருந்தால் அறிவிக்க வேண்டும் என்பது விதி. மகள் தானாகவே படிவத்தில் குறியிட்டு, காலணிகளை மேசையின் மேல் எடுத்து வைத்தாள். அதிகாரி அவற்றைத் திருப்பிப் பார்த்து, அடிப்பள்ளங்களில் காய்ந்திருந்த சிவந்த மண் எங்கே ஒட்டியது என்று கேட்டார். தேக்கடி என்றாள்; அது எங்கே இருக்கிறது, அந்த ஏரி எப்படி வந்தது, அதன் தண்ணீர் எந்த ஊருக்குப் போகிறது என்பதையும் அவர் கேட்காமலேயே சொன்னாள். அவர் காலணிகளை உள்ளே எடுத்துச் சென்று கழுவி, ஈரத்தோடு ஒரு பையில் போட்டுக் கொண்டுவந்து கொடுத்தார்.