கூச்சம் போனது, கறை வந்தது: மூன்றரை வருஷ ஹைபிரிட் அடைப்பு

பர்மாவில் மோல்மேன் ஊரிலிருந்து மச்சான் போன வாரம் வாய்ஸ் மெசேஜ் போட்டிருந்தார். "மச்சான், இங்கே டாக்டர் பல் அடைக்க ரெண்டு சாமான் காட்டுறாரு. ஒண்ணு காம்போசிட்டாம், இன்னொண்ணு ஹைபிரிட்டாம். நீங்க ரெண்டாவதைத்தானே போட்டிருக்கீங்க, எப்படி இருக்கு?" அவர் கேட்ட நேரம் சரியில்லை. அன்று காலையில்தான் உடைந்துபோன அடைப்பு ஒன்றைச் சரி பண்ணிக்கொண்டு, பாதி உதடு மரத்துப்போய்க் கடையில் உட்கார்ந்திருந்தேன். அந்தக் கோபத்தில் பேசினால் நியாயமாக இருக்காது என்று ஒரு வாரம் ஆறப்போட்டு எழுதுகிறேன். முழுக்க ஆறிவிட்டது என்று சொல்ல மாட்டேன்.

என் வாயில் அந்த ஹைபிரிட் சாமான் மூன்று இடத்தில் இருக்கிறது. மேல் வரிசையில் இடது கோரைப்பல், அதற்குப் பக்கத்துப் பல், இரண்டிலும் ஈறை ஒட்டி. மூன்றாவது கீழ்க் கடைவாய்ப் பல்லில், மெல்லுகிற பரப்பில். மூன்றும் 2022 மார்ச்சில் போட்டவை.

ஈறோரப் பள்ளங்கள் சொத்தையால் வந்தவை அல்ல. இருபது வருஷமாகக் கெட்டி பிரஷ்ஷை ரம்பம் இழுக்கிற மாதிரி இழுத்ததில் வந்தவை. மரத்தில் கோடரியால் ஒரு கொத்து கொத்தியது போல இருக்கும். நகத்தை வைத்தால் மாட்டும். குளிர்ந்த தண்ணீர் பட்டால் மண்டை வரைக்கும் சுரீர் என்று ஏறும். அதற்கு முதலில் காம்போசிட், அதாவது பல் நிறத்துப் பிசின் அடைப்புதான் போட்டார்கள். ஏழு மாதத்தில் விழுந்தது. மறுபடி போட்டது ஒரு வருஷம் தாங்கவில்லை. அதைக் காலையில் மொகிங்கா என்கிற மீன் குழம்பு நூடுல்ஸோடு சேர்த்து விழுங்கிவிட்டேன் என்று நினைக்கிறேன், கிண்ணத்தில் தேடியும் கிடைக்கவில்லை.

காம்போசிட் மட்டமான சரக்கு இல்லை. அழகுக்கும் உறுதிக்கும் அதுதான் மேல். ஆனால் அது பிடித்துக்கொள்ள நல்ல எனாமல், அதாவது பல்லின் கெட்டியான மேல் ஓடு வேண்டும், இடம் எலும்பு மாதிரி உலர்ந்து இருக்க வேண்டும். பல்லின் கழுத்தில் எனாமல் ஏறக்குறைய இல்லை, உள்ளே இருக்கிற டென்டின்தான் வெளியே தெரியும். ஈறிலிருந்து ஈரம் கசிந்துகொண்டே இருக்கும். கடிக்கும்போது பல் கழுத்தில் கண்ணுக்குத் தெரியாமல் கொஞ்சம் வளையவும் செய்யும். இவ்வளவும் இரண்டாவது தடவை விழுந்த பிறகு சயாமா சொல்லித்தான் எனக்குத் தெரியும். (இங்கே பர்மாவில் பெண் டாக்டரையும் டீச்சரையும் சயாமா என்றுதான் கூப்பிடுவோம், நம் ஆட்களும் அப்படித்தான்.)

அந்த மார்ச் மாதம் ரங்கூனில் கரண்ட் எப்படி இருந்தது என்று இங்கே இருந்தவர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. நான் வாயைத் திறந்து படுத்திருக்கிறேன், ஃபேன் நின்றது, மேலே இருந்த விளக்கு அணைந்தது. கீழே ஜெனரேட்டரை யாரோ இழுத்து இழுத்துப் பார்க்கிற சத்தம் கேட்கிறது. கிளம்பவில்லை. சயாமா அசரவில்லை. உதவிக்கு நின்ற பெண்ணை ஃபோன் டார்ச்சைப் பிடிக்கச் சொன்னார். பஞ்சில் ஒரு திரவம் தொட்டுப் பள்ளத்தில் தடவினார், கழுவினார், சும்மா ஒற்றி எடுத்தார். "ரொம்பக் காய வேண்டாம் ஊலே, இதுக்குக் கொஞ்சம் ஈரம் இருந்தாத்தான் பிடிக்கும்" என்றார். (ஊலே என்றால் மாமா.) பிறகு சின்னக் காகித அட்டை மேல் வெள்ளைப் பொடி ஒரு கரண்டி, அதற்குப் பக்கத்தில் இரண்டு சொட்டுத் திரவம். பொடியை இரண்டாகப் பிரித்துப் பிளாஸ்டிக் கத்தியால் கலந்தார், பரோட்டா மாவு பிசைகிற வேகத்தில். மேலே பளபளப்பு இருக்கும்போதே பள்ளத்தில் வைத்தாக வேண்டுமாம், மங்கிவிட்டால் பிடிக்காது. வைத்ததும் பேட்டரியில் ஓடுகிற நீல லைட்டை 20 விநாடி அடித்தார். "லைட்டும் செத்துப்போனா என்ன பண்ணுவீங்க?" என்று பிறகு கேட்டேன். "தானாவே இறுகும், நேரம்தான் ஆகும்" என்றார். கரண்ட் இல்லாத ஊருக்கு இதைவிடப் பொருத்தமான சாமான் வேறு கிடையாது என்று அன்றைக்கு நினைத்தேன்.

ஹைபிரிட் என்றால் என்ன என்று மச்சான் கேட்கவில்லை. கேட்காவிட்டாலும் சொல்கிறேன், இது தெரியாமல் போனதால்தான் நான் பின்னால் ஏமாந்தேன். ஒட்டு மாங்கன்று மாதிரி இது. கிளாஸ் ஐயனோமர் என்று ஒரு சிமெண்ட் உண்டு. லண்டனில் அரசாங்க ரசாயன ஆய்வுக்கூடத்தில் வில்சன், கென்ட் என்ற இரண்டு பேர் கண்டுபிடித்து 1972-இல் வெளியிட்டது. கண்ணாடிப் பொடியும் அமிலமும் சேர்ந்து இறுகும், பல்லில் இருக்கிற கால்சியத்தைத் தானே பிடித்துக்கொள்ளும், கொஞ்சம் கொஞ்சமாக ஃபுளோரைடும் விடும். ஆனால் சாக்பீஸ் மாதிரி மங்கலாக இருக்கும், சுலபமாக உடையும். இன்னொரு பக்கம் காம்போசிட். அதில் இருக்கிற பிசினுக்கு அமெரிக்காவில் போவன் என்பவர் 1962-இல் காப்புரிமை வாங்கினார். முந்தையது ஒட்டும், பிந்தையது மின்னும். இரண்டையும் ஒட்டுப்போட்டால் என்ன என்று பார்த்து, சிமெண்டுக்குள் கொஞ்சம் பிசினை விட்டார்கள். என் பல்லில் இருப்பது அந்த ஜாதி. காம்போசிட் பக்கம் சாய்ந்த ஒட்டும் உண்டு, காம்போமர் என்பார்கள். 1990-களில் வந்தது, லைட் அடித்தால்தான் இறுகும். பிள்ளைகளுக்கு அதை நீலம், ரோஸ் என்று மினுமினுக்கிற கலரிலேயே போடுகிறார்கள். கியோமர் என்று இன்னொரு உறவுக்காரனும் இருக்கிறான். பெயர் ஹைபிரிட் என்று ஒன்றாக இருந்தாலும் குணம் ஒன்றில்லை. மச்சான் முதலில் எந்த ஹைபிரிட் என்று அந்த டாக்டரைக் கேட்க வேண்டும்.

சரி, நல்லதைச் சொல்லிவிடுகிறேன். கூச்சம் போய்விட்டது. கொஞ்சம் குறைந்தது, பரவாயில்லை என்கிற கதை இல்லை, போயே போய்விட்டது. போட்ட அடுத்த மாதம் தண்ணீர்த் திருவிழா. தெரு முனையில் பந்தல் போட்டு ஷ்வே யின் ஏ கொடுத்தார்கள். தேங்காய்ப் பால், ஜவ்வரிசி, ஜெல்லி, ரொட்டித் துண்டு, மேலே ஐஸ். வருஷக் கணக்காக அதை வலது பக்கமே ஒதுக்கி, தலையைச் சாய்த்துக் கோழி மாதிரி குடித்துக்கொண்டிருந்தவன் நான். அன்றைக்கு ஒரு ஐஸ் துண்டை வேண்டுமென்றே இடது பக்கம் தள்ளி, கோரைப்பல் மேல் வைத்துப் பார்த்தேன். ஒன்றுமில்லை. இன்னொரு கிண்ணம் வாங்கிக் குடித்தேன். அதற்குப் பிறகு மூன்று திருவிழா வந்துவிட்டது, ஈறோர அடைப்பு இரண்டும் அசையவில்லை. ஏழு மாதத்தில் விழுந்த இடத்தில் மூன்றரை வருஷம். இதற்கு மேல் ஒரு சிமெண்டிடம் என்ன கேட்பது?

கேட்கத்தான் செய்கிறேன். நிறத்தைப் பற்றி.

முதல் வருஷம் பல்லும் அடைப்பும் பிரித்துச் சொல்ல முடியாத ஒரே நிறம். இரண்டாவது வருஷம் அடைப்பு மட்டும் மங்கலாகி, பழைய பீங்கான் கோப்பை மாதிரி ஆனது. இப்போது இளம் பழுப்பு. பக்கத்திலேயே இருக்கிற என் சொந்தப் பல் அப்படியே இருக்கிறது! சிரித்தால் ஈறுக்குக் கீழே இரண்டு பிறை தெரியும். நிறத்தைவிட மோசம் சொரசொரப்பு. நாக்கு போய்ப் போய் அங்கேயே நிற்கிறது. கணக்கு எழுதும்போது, கோயிலில் நிற்கும்போது, பஸ்ஸில் போகும்போது, எப்போதும் நாக்கு நுனி மேல் இடது மூலையில்தான். "என்னத்தைத் துழாவுறீங்க?" என்று வீட்டுக்காரி கேட்டுக் கேட்டு விட்டுவிட்டாள்.

இதில் என் பங்கு என்ன என்பதையும் சொல்லாவிட்டால் நியாயமில்லை. தெய்ன்ஜி சந்தையில் எங்களுக்கு மசாலாக் கடை. நாள் முழுக்க மஞ்சள் தூளும் மிளகாய்த் தூளும் காற்றிலேயே மிதக்கும். நாளைக்கு நான்கு டீ. அப்புறம் குன்யா. நம் ஊர் வெற்றிலையேதான், ஆனால் இங்கே இலை முழுக்கச் சுண்ணாம்பைத் தடவி, பாக்கு வைத்து, பொட்டலமாக மடித்துத் தெருவுக்குத் தெரு விற்கிறார்கள். அதைப் போடுவதை விட்டுவிட்டேன் என்று சயாமாவிடம் சொல்லியிருந்தேன். ஆறு மாதத்துக்கு ஒரு தடவை பார்க்கப் போவேன். முதலில் கன்னத்தின் உள்பக்கத்தைப் புரட்டிப் பார்ப்பார். பாக்கு வாய்ப் புற்றுநோய் கொடுக்கும் என்பதால் அதில் அவர் விளையாட மாட்டார். பிறகு அந்த இரண்டு பிறையைப் பார்ப்பார். போன தடவை பார்த்துவிட்டு, "ஊலே, விட்டுட்டேன்னு சொன்னீங்க, இது சிவப்பா இருக்கே" என்றார். பல் பொய் சொல்லியிருக்கும். அடைப்பு காட்டிக்கொடுத்துவிட்டது. காசு கொடுத்து என் வாயிலேயே ஒற்றனை வைத்துக்கொண்ட கதை.

காரணமும் அவரே சொன்னார். உள்ளே விட்ட பிசின் தண்ணீரை விரும்புகிற ஜாதி. ஈரத்தில் அது ஒட்டுவதற்கு உதவுவது அந்தக் குணம்தான், பிறகு டீயையும் மஞ்சளையும் உறிஞ்சுவதும் அதே குணம்தான். மேல் பரப்பு தேயத் தேயக் கண்ணாடித் துகள்கள் வெளியே தலை நீட்டும், அதுதான் சொரசொரப்பு. சிறு தட்டு வைத்துத் தேய்த்து, மேலே ஒரு பூச்சும் பூசி விட்டார். நாற்பது நாள் வழவழ என்று இருந்தது. பிறகு நாக்கு பழைய இடத்துக்கே போய்விட்டது.

இனி கடைவாய்ப் பல். இதைப் பற்றி எழுதும்போதுதான் கை நடுங்குகிறது. அந்தப் பல்லில் போடும்போதே, "மெல்லுற இடத்துல இது தேயும் ஊலே, அடியில இதை வெச்சு மேல காம்போசிட் மூடிடலாம்" என்று சயாமா சொன்னார். விலை கேட்டேன். இதையே மேலே வரைக்கும் நிரப்புங்கள் என்றேன். அவர் சொன்னது சொன்னபடி நடந்தது. இரண்டு வருஷத்தில் நடுவில் சட்டி மாதிரி குழிந்தது. போன வாரத்துக்கு முந்தின வெள்ளிக்கிழமை லப்பெத் என்கிற ஊறுகாய்த் தேயிலை சாப்பிட்டேன். அதில் பொரித்த அவரைப் பருப்பு ஒன்று, பொன்னிறத்தைத் தாண்டிக் கருகியது, கல்லு மாதிரி. 'டக்' என்று ஒரு சத்தம். பருப்பு உடைந்துவிட்டது என்று சந்தோஷமாக மென்றேன். உடைந்தது அடைப்பின் ஓரம்.

அப்பாவுக்கு இதே பல்லில் வெள்ளி அடைப்பு இருந்தது. கறுப்பாக, அசிங்கமாக, ஆனால் பாக்கை முழுசாகக் கடிப்பார், முப்பது வருஷம் அப்படியே இருந்தது. அதில் பாதிக்குப் பாதி பாதரசம், ஐரோப்பிய ஒன்றியத்தில் 2025 ஜனவரியிலிருந்து பெரும்பாலும் தடையே செய்துவிட்டார்கள், எல்லாம் தெரியும். இருந்தாலும் உடைந்த துண்டைக் கையில் வைத்துக்கொண்டு நிற்கும்போது அப்பாவின் கறுப்புப் பல்தான் ஞாபகம் வந்தது.

சயாமா மேல் பகுதியை மட்டும் சீவி எடுத்தார். அடியில் இருந்தது கல் மாதிரி இருக்கிறது, அதைத் தொட வேண்டாம் என்று விட்டுவிட்டு மேலே காம்போசிட் மூடினார். 2022-இல் சொன்ன அதே வேலை. அன்றைக்கு மிச்சம் பிடித்ததைப் போல் இரண்டு மடங்குக்கு மேல் இன்றைக்கு ஆனது.

மச்சானுக்கு என் கணக்கு இதுதான். மதிப்பெண் போடு என்றால் பத்துக்கு நான்கு. கூச்சம் போனதற்கு ஐந்து கொடுக்கலாம் என்று உட்கார்ந்தேன், இதை எழுதுகிற நேரத்தில் மட்டும் நாக்கு அங்கே இருபது தடவை போய்வந்துவிட்டது, ஒன்றைக் கழித்துவிட்டேன். குன்யாவை விட்டால் ஆறு கொடுக்கலாமே என்கிறாள் வீட்டுக்காரி. அவளை யாரும் கேட்கவில்லை. உங்களுடையது முன்பல்லாக இருந்தால் வேண்டவே வேண்டாம். மெல்லுகிற பல்லாக இருந்தால், மேலே மூடச் சொல்லிப் போடுங்கள், விலை பார்க்காதீர்கள்.

வலது கோரைப்பல்லிலும் ஈறோரம் நகம் மாட்ட ஆரம்பித்திருக்கிறது. சனிக்கிழமை வரச் சொல்லியிருக்கிறார். இந்தத் தடவை எது போடலாம் என்று கேட்டார், அதையே போடுங்கள் என்று சொல்லிவிட்டு வந்தேன். மச்சான், நீங்களும் போவதானால் அங்கே கரண்ட் எத்தனை மணிக்கு வருகிறது என்று முதலில் விசாரித்துக்கொள்ளுங்கள்.