என் சின்ன யானையை வெளியே எடுத்த வக்கீல் ஆபீஸ்

பொள்ளாச்சியில் ஒரு ஜெராக்ஸ் கடை மாடியில் இருக்கிறது இந்த ஆபீஸ். கேஸ் இன்னும் முடியாததால் பெயர் போடவில்லை.

நான் கேரளத்துக் கொழிஞ்சாம்பாறைக்காரன். கே.எல். 70 நம்பரில் ஒரு டாடா ஏஸ், சின்ன யானை என்கிற குட்டி லாரி, வைத்து, கிணத்துக்கடவு மார்க்கெட்டுக்குத் தக்காளி ஏற்றுகிறேன். டிரைவர் என் அக்கா மகன். போன ஐப்பசியில் எல்லையில் கோபாலபுரம் தாண்டியதும் போலீஸ் நிறுத்திவிட்டது. தக்காளிப் பெட்டிக்கு அடியில் இரண்டு கேன், பத்து லிட்டர் கள். சிநேகிதன் வீட்டு விசேஷத்துக்காம். எங்கள் பக்கம் கள்ளுக்கடைக்கு லைசென்ஸ் உண்டு. தமிழ்நாட்டிலோ 1987-லிருந்து கள்ளுக்குத் தடை. அவனை ஜாமீனில் விட்டார்கள், வண்டியை விடவில்லை.

முதலில் பார்த்த வக்கீல் "ஒரு வாரத்தில் வண்டி வீட்டில் நிற்கும்" என்றார். அங்கிருந்து எழுந்து வந்துவிட்டேன். இந்த ஆபீஸில் பெரியவர் முதலில் கேட்டதே வேறு: "ஏனுங்க, பையனுக்கு கேன் இருந்தது தெரியுமில்லைங்களா?" தெரியும் என்றேன். அப்புறம்தான் விளக்கினார். 1937-ஆம் வருட மதுவிலக்குச் சட்டத்தின் 14-வது பிரிவில், நோட்டீஸ் கொடுத்து விளக்கம் கேட்டுவிட்டு வண்டியைப் பறிமுதல் செய்ய அதிகாரிக்கே வழி இருக்கிறது. ஓனருக்குத் தெரியாது என்று சொன்னால் மட்டும் போதாது. வண்டியைக் கையில் வைத்திருந்தவனுக்கும் தெரியாது, எல்லாரும் தக்க எச்சரிக்கையோடு இருந்தோம் என்று காட்ட வேண்டும். நமக்கு உதைக்கிற இடம் அதுதான். இதை மறைக்காமல் சொன்னதற்கே பாதி ஃபீஸ் கொடுக்கலாம்.

பறிமுதல் விசாரணை ஒரு பக்கம் நடக்கட்டும், அதுவரை வண்டி நம்மிடம் இருக்கட்டும் என்று மாஜிஸ்திரேட் கோர்ட்டில் மனுப் போட்டார். புதுக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் அது 497-வது பிரிவாம், பழையதில் 451. சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் சுப்ரீம் கோர்ட் 2002-லேயே, வண்டிகளை ஸ்டேஷனில் நிறுத்தி மட்க விடாதீர்கள், ஜாமீன் வாங்கிக்கொண்டு கொடுங்கள் என்று சொல்லியிருக்கிறது. அதைத்தான் முன்னால் வைத்தார். பறிமுதல் நடவடிக்கை நடக்கிறது, கொடுக்கக் கூடாது என்று அரசுத் தரப்பில் எதிர்த்தார்கள். மூன்றாவது வாய்தாவில் ஆர்டர் ஆனது. ஒன்றரை லட்சத்துக்குப் பத்திரம், இரண்டு ஜாமீன்தாரர், ஒரிஜினல் ஆர்.சி. கோர்ட்டில், விற்கக் கூடாது, கூப்பிட்டால் கொண்டுவந்து நிறுத்த வேண்டும்.

குறை இங்கேதான். ஜாமீன்தாரர் தமிழ்நாட்டுக்காரராக இருந்தால்தான் சுலபம் என்பதை முதல் நாளே சொல்லியிருக்கலாம். ஆர்டர் கையில் இருந்தும் ஆனைமலையில் இருக்கிற மச்சானையும் அவர் பங்காளியையும் கெஞ்சிக் கூட்டிவர ஒன்பது நாள் போனது. ஜூனியர் போனை எடுப்பதே இல்லை. சொன்ன ஃபீஸ் பன்னிரண்டாயிரம். கூடக் கேட்கவில்லை, ஆனால் டைப்பிங், நகல் எல்லாம் தனி.

வண்டியை எடுக்கப் போனபோது ஸ்டேஷன் புளியமரத்தடியில் நின்றது. பேட்டரி செத்து, ஒயரை எலி கடித்து, பின் டயர் இரண்டும் தரையோடு. ஸ்டெப்னியைக் காணோம், கேட்டால் வரும்போதே இல்லை என்கிறார்கள். நசுங்கிக் கிடந்த தக்காளி மேல் மழை பெய்து, தொட்டியின் மூலையில் அரையடி உயரத்துக்கு நாற்று முளைத்திருந்தது. பையன் அதைப் பிடுங்கும்போது என் முகத்தைப் பார்க்கவில்லை.

பறிமுதல் நோட்டீஸுக்குப் பதில் போட்டாயிற்று. மார்க்கெட் லோடு தவிர வேறெதுவும் ஏற்றக் கூடாது என்று டிரிப் நோட்டின் முதல் பக்கத்தில் எழுதி அவனிடம் கையெழுத்து வாங்கியிருந்தேன். அதைத் தேடி எடுத்து வரச் சொன்னது பெரியவர்தான். அது எவ்வளவு தாங்கும் என்று கேட்டால், "பார்க்கலாங்க" என்கிறார். தோற்றால் அப்பீலுக்குத் தனி ஃபீஸ்.

ஐந்துக்கு நான்கு கொடுப்பேன். இப்போது வண்டியை நானே ஓட்டுகிறேன். செக்போஸ்ட்டில் ஆர்.சி. கேட்டால் கோர்ட் ஆர்டரின் நகலைக் காட்டுகிறேன். அந்த ஜெராக்ஸுக்கும் ஜூனியர் இருபது ரூபாய் வாங்கிக்கொண்டார்.