காக்காவும் தாத்தாவும்: மழலை தெளிய எந்த விளையாட்டு உதவும்?

"அம்மா, தாத்தா பறக்குது!" என்று மொட்டை மாடியிலிருந்து கத்தினான் என் மகன். அப்போது அவனுக்கு மூன்று வயது நிறையவில்லை. கைப்பிடிச் சுவரில் இருந்து கிளம்பியது காக்கா. எங்களுக்குச் சிரிப்பு தாங்கவில்லை. ஊரிலிருந்து வந்திருந்த அவன் தாத்தாவுக்கு மட்டும் முகம் கொஞ்சம் சுருங்கிப்போனது.

அன்று இரவுக்குள் நான்கு யோசனைகள் வந்துவிட்டன. மாமியார் வசம்பை உரசி நாக்கில் தடவச் சொன்னார். எதிர்வீட்டு அக்கா பீப்பி வாங்கி ஊதவிடச் சொன்னார். நாத்தனார் படஅட்டைப் பெட்டிக்கு ஆர்டரே போட்டுவிட்டார். என் கணவர் போனில் தமிழ்ப் பாட்டு வீடியோக்களைத் தேட ஆரம்பித்தார். வசம்பை அப்போதே தள்ளிவிட்டேன். அது பேச்சைத் தெளிவாக்கும் என்பதற்குச் சான்று கிடையாது, பிள்ளைக்கு வாந்திதான் வரும். மற்ற மூன்றையும், நானாகச் சேர்த்துக்கொண்ட சிலவற்றையும் ஏறக்குறைய ஒரு வருடம் மாற்றி மாற்றிப் பார்த்தேன். ஒரே பிள்ளையை வைத்து எதையும் நிரூபிக்க முடியாது, அவன் பாட்டுக்கு வளர்ந்துகொண்டும் இருந்தானே. அதனால் ஆய்வுகளில் தெரியவந்ததையும் பக்கத்தில் வைத்துத்தான் எடைபோடுகிறேன்.

முதலில் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். காக்கா தாத்தாவாவது பெரிய கோளாறு இல்லை. 'க' பிறக்க நாக்கின் பின்பகுதி மேலே எழும்ப வேண்டும். 'த'வுக்கு நுனி பல்லைத் தொட்டால் போதும். பின்னால் வேலை வாங்கத் தெரியாத நாக்கு முன்னால் முடித்துக்கொள்கிறது. பெரும்பாலான பிள்ளைகளுக்கு மூன்றரை, நான்கு வயதுக்குள் இது தானாகவே விலகிவிடும். எந்த ஒலி முதலில் வரும், எது கடைசியில் வரும் என்பதற்கும் ஓரளவு ஒழுங்கு உண்டு. தொல்காப்பியத்தின் பிறப்பியலைப் பார்த்தால் காரணம் புரிகிறது. ப, ம இரண்டும் இதழ் இயைந்து பிறக்கும் என்கிறது. உதட்டைச் சேர்த்தால் வேலை முடிந்தது, அம்மாவும் அப்பாவும் முந்திக்கொண்டு வருவதற்குக் கேட்கவா வேண்டும்? ரகரத்தையும் ழகரத்தையும் ஒரே நூற்பாவில் வைத்து, நுனிநா மேலே எழும்பி அண்ணத்தை வருடப் பிறக்கும் என்கிறது. ஒற்றுவது எளிது, வருடுவது கடினம். சின்ன நாக்குக்கு அந்த நயம் பிடிபட நாளாகும். மூன்று வயதில் ரம்பம் 'லம்பம்' ஆனால் பதற வேண்டியதில்லை.

சரி, போனில் ஓடும் பாட்டா, மடியில் வைத்துப் பாடும் பாட்டா? இதில் எனக்குத் தயக்கமே இல்லை. வாஷிங்டன் பல்கலைக்கழகத்தில் பட்ரிசியா கூல் குழுவினர் 2003-இல் ஓர் ஆய்வு வெளியிட்டார்கள். ஒன்பது மாத அமெரிக்கக் குழந்தைகள் சிலரிடம் சீன மொழி பேசுபவர்கள் நேரில் உட்கார்ந்து விளையாடிப் பேசினார்கள். வேறு சில குழந்தைகளுக்கு அதே ஆட்களின் பேச்சை வீடியோவாகக் காட்டினார்கள். பன்னிரண்டு அமர்வுகள் முடிந்தபோது நேரில் பழகிய குழந்தைகள் சீன ஒலிகளைப் பிரித்தறிந்தார்கள். வீடியோ பார்த்தவர்களுக்கு ஒன்றும் ஏறவில்லை. குறை திரையில் மட்டும் என்றும் சொல்லிவிட முடியாது. வீடியோ காலில் ஒருவர் பதிலுக்குப் பதில் பேசினால் இரண்டு வயதுப் பிள்ளைகள் புதுச் சொல் கற்கிறார்கள் என்று 2014-இல் வந்த இன்னோர் ஆய்வு காட்டியது. பதிவு செய்த வீடியோவில் அது நடக்கவில்லை. ஆக, ஊரில் இருக்கும் தாத்தாவோடு வீடியோ காலில் அரை மணி நேரம் வம்பளப்பதும், பாட்டு வீடியோவில் அரை மணி நேரம் மூழ்குவதும் ஒன்றில்லை. இரண்டு முதல் நான்கு வயது வரை ஒரு நாளைக்கு ஒரு மணி நேரத் திரைக்கு மேல் வேண்டாம் என்று உலக சுகாதார நிறுவனம் 2019-இலேயே சொல்லிவிட்டது.

மடிப்பாட்டின் பலம் அது நிற்கும் இடத்தில் இருக்கிறது. உள்ளங்கையில் பருப்புக் கடைந்து, விரல் விரலாகச் சோறூட்டி, 'நண்டூருது...' என்று கை மேல் ஏறும்போது சட்டென்று நிறுத்திவிடுங்கள். பிள்ளைக்குப் பொறுக்காது. 'நலியூலுது' என்று அதுவே முடித்துவைக்கும். வீடியோ அப்படி நிற்காது, பிள்ளை சொன்னாலும் சொல்லாவிட்டாலும் அடுத்த வரிக்குப் போய்க்கொண்டே இருக்கும்.

படஅட்டை பற்றி அதிகம் சொல்ல எதுவுமில்லை. ஐம்பது அட்டைகளும் இரண்டு வாரத்தில் மனப்பாடம் ஆகிவிட்டன. யானையைக் காட்டினால் யானை என்பான், ஆனால் அந்தச் சொல்லை வைத்து அவனுக்கு ஆகவேண்டிய காரியம் ஒன்றும் இருக்கவில்லை. விருந்தாளி முன்னால் ஒப்பிக்க உதவியது, அவ்வளவுதான்.

சொப்புச் சாமானில்தான் ஆட்டம் மாறியது. கடை வைத்து விளையாடினோம். கடைக்காரன் அவன். சரக்கை மட்டும் நான் கொஞ்சம் யோசித்துப் பொறுக்கினேன்: கத்தரிக்காய், கரண்டி, கப்பு, காசு, கடலை. எல்லாமே 'க'. "கத்தரிக்காய் கிலோ என்ன விலைங்க? கடலை இருக்கா? காசு கையில் கம்மியா இருக்கே!" என்று பேசப் பேச, பாடம் என்ற வாடையே இல்லாமல் பத்து நிமிடத்தில் ஐம்பது முறை அந்த ஒலி அவன் காதில் விழுந்துவிடும். அவன் "தத்திக்கா" என்றால், "ஓ, கத்தரிக்காயா? ஒரு கிலோ கத்தரிக்காய் போடுங்க" என்று நல்ல வடிவத்தைத் திருப்பிச் சொல்லிவிட்டு வியாபாரத்தைத் தொடர்வேன். "தப்பு, சரியாச் சொல்லு பார்ப்போம்" என்று நிறுத்தியதில்லை. பொய் சொல்லக் கூடாது, ஆரம்பத்தில் சில நாள் அப்படியும் நிறுத்திப் பார்த்தேன். அவன் கடையைச் சாத்திவிட்டுப் போய்விட்டான்.

பெரிய திருப்பம் ஒரு பொம்மையால் வந்தது. பொம்மைக்குப் புடவை சுற்றிவிடச் சொல்லி, "தட்டு, தட்டு" என்று நீட்டினான். அவன் சொல்ல வந்தது 'கட்டு' என்று தெரிந்தும் நான் பொம்மையின் முதுகில் மெல்லத் தட்டிக்கொடுத்தேன். "தட்டு இல்ல, தட்டு!" கோபம் வந்துவிட்டது. நான் மறுபடி தட்டினேன். என் வாயையே உற்றுப் பார்த்தான். "கட்டணுமா, தட்டணுமா?" என்று கேட்டேன். கொஞ்சம் முக்கி, "க்...கட்டு" என்றான். உடனே கட்டிவிட்டேன். பேச்சுப் பயிற்சியில் இது தெரிந்த உத்திதான். ஒரே ஓர் ஒலியால் பொருள் மாறும் இரட்டைச் சொற்களை வைத்து, தப்பாகச் சொன்னால் தப்பான பொருள் கைக்கு வரும்படி செய்வார்கள். தமிழில் இதற்குப் பஞ்சமில்லை. கட்டு-தட்டு, கை-தை, இன்னும் எத்தனையோ. ஆனால் ஒரு நாளைக்கு ஓரிரு முறைக்கு மேல் வேண்டாம். பசியோடு இருக்கும்போது வேண்டவே வேண்டாம். அழவிட்டால் அது விளையாட்டாக இருக்காது.

பீப்பிக்கு வருவோம். ஊதினால் நாக்கும் உதடும் வலுப்பெற்றுப் பேச்சு தெளியும் என்பது பரவலான நம்பிக்கை. ஆய்வுகளைத் தொகுத்துப் பார்த்தவர்களுக்கு அதற்குப் போதிய ஆதாரம் கிடைக்கவில்லை. ஊதும் வேலையும் பேசும் வேலையும் அதே வாயில் நடந்தாலும் தசைகளை மூளை நடத்தும் விதம் வேறு. அதனால் பீப்பி ஊதி 'க' வராது, எதிர்வீட்டு மதியத் தூக்கம்தான் கெடும். அந்த அக்காவே பிறகு பீப்பியைப் பிடுங்கி வைத்தார். சோப்பு நுரைக் குமிழியை மட்டும் நான் விடவில்லை. மூடியை இறுக்கிக் கையில் கொடுத்துவிட்டுக் காத்திருந்தால், "திற", "ஊது", "இன்னும்" என்று மூன்று சொற்களாவது கேட்டு வாங்கத்தான் வேண்டும். அங்கே உதவுவது அந்த வாய்ப்பேச்சு. பலூன் வேண்டாம், உடைந்த துண்டு தொண்டையில் அடைத்துக்கொள்ளும்.

கடலோரம் உருளும் உரலும், ஓடுகிற நரியில் ஒரு நரி சிறுநரியும்? நாக்கைச் சுழற்றும் இந்தச் சொல்விளையாட்டுகள் ஏற்கெனவே அந்த ஒலி வாய்த்த பிள்ளைகளுக்கு வேகம் தரும். ஆறேழு வயதில் வீடே சிரிக்கும். மூன்று வயதில் 'ர' வராத பிள்ளையிடம் அதைச் சொல்லச் சொல்வது நடக்கப் பழகுகிறவனை ஓட்டப் பந்தயத்தில் நிறுத்துவது. அதற்குப் பதில் காதுக்கு வேலை கொடுக்கலாம். நான்கு வயதை நெருங்கியபோது ஒரு புலி பொம்மையையும் சமையலறையிலிருந்து ஓர் உருண்டைப் புளியையும் முன்னால் வைத்தேன். "புளி எடு", "புலி எடு". அவன் சொல்ல வேண்டாம், கேட்டு எடுத்தால் போதும். காது பிரித்தறிந்த பிறகு நாக்கு பின்தொடர்வது எளிது. அப்புறம் அவன் முறை, அவன் சொல்ல நான் எடுப்பேன். புளியைக் கேட்டானா புலியைக் கேட்டானா என்று திண்டாடுவது என் பாடு.

'ழ' விஷயத்தில் பெரியவர்கள் கொஞ்சம் கண்ணாடி பார்க்க வேண்டும். என் பிறந்த வீடு மதுரைப் பக்கம். அங்கே வாளப்பளம்தான். யாழ்ப்பாணத்திலும் பேச்சில் ழகரம் ளகரமாகத்தான் ஒலிக்கும். வீட்டில் யாரும் சொல்லாத ஒலியைப் பிள்ளை மட்டும் எங்கிருந்து பிடிக்கும்? அது குறையில்லை, வட்டார வழக்கு. பள்ளியில் வாசிக்கும்போது கற்றுக்கொள்வான்.

ஒன்றே ஒன்றுக்குத்தான் உங்களிடம் நேரம் இருக்கிறது என்றால் சொப்புச் சாமானை எடுங்கள், ஒரு நாளைக்குப் பத்து நிமிடம், போனை வேறு அறையில் வைத்துவிட்டு. இரண்டாவதாக மடிப்பாட்டு. சோறூட்டும்போதே நடந்துவிடும், தனி நேரம் தேவையில்லை. புலி-புளி நான்கு வயதை நெருங்கும்போது. படஅட்டைக்குச் செலவழிக்க நினைக்கும் பணத்தில் கத்தரிக்காய் வாங்கலாம், விளையாடி முடித்துக் குழம்பும் வைக்கலாம்.

இதெல்லாம் காது நன்றாகக் கேட்கும் பிள்ளைகளுக்கு. அடிக்கடி சளி பிடித்துக் காதுக்குள் நீர் கோத்தால் ஒலிகள் மங்கலாகக் கேட்கும், பேச்சும் மங்கும். வெளியாள் ஒருவருக்கு இரண்டு வயதில் பாதிப் பேச்சும், மூன்றில் முக்காலும், நான்கில் அநேகமாக முழுவதும் புரிய வேண்டும் என்பது பொதுவாகச் சொல்லப்படும் கணக்கு. இதிலிருந்து நிறையப் பின்தங்கினாலோ, ஒன்றரை வயதாகியும் ஒரு சொல்கூட வராவிட்டாலோ விளையாட்டில் நாளைக் கடத்தாமல் முதலில் காதைப் பரிசோதியுங்கள். பல மாவட்டங்களில் அரசு மருத்துவமனையை ஒட்டி டி.இ.ஐ.சி. (District Early Intervention Centre) என்ற மையம் இயங்குகிறது, குழந்தைகளின் வளர்ச்சிக் குறைகளை அங்கே இலவசமாகப் பார்ப்பார்கள்.

எங்கள் வீட்டில் காக்கா இப்போது காக்காதான். தாத்தாவும் மனம் ஆறிவிட்டார். ரசம் மட்டும் இன்னும் 'லசம்'. நான்கே கால் வயதுதான் ஆகிறது, அது இப்போதைக்கு அப்படியே இருக்கட்டும் என்று விட்டுவைத்திருக்கிறேன்.