ஃபர்ஃபுரால்: கானிசாரோவா, போரோஹைட்ரைடா, சில்வர் ஆக்சைடா?

ஃபர்ஃபுரால் ஃபியூரான் வளையம் கொண்ட ஓர் ஆல்டிஹைடு. அதிலிருந்து ஃபர்ஃபுரைல் ஆல்கஹாலோ, ஃபியூரோயிக் அமிலமோ, இரண்டுமோ தயாரிக்க எந்த வழி ஏற்றது என்பதே கேள்வி. எந்த வழியில் போனாலும் முதலில் ஃபர்ஃபுராலைக் குறைந்த அழுத்தத்தில் காய்ச்சி வடித்து, அன்றைக்கே பயன்படுத்த வேண்டும். புட்டியிலேயே கிடந்து கறுத்த சரக்கில் பிசினும் அமிலமும் கலந்திருக்கும்; அதை எடை போட்டால் மோல் கணக்கே தப்பிவிடும். தோல் வழியாகவும் உடம்பில் ஏறும் என்பதால் கையுறையும் ஃபியூம் ஹூடும் (ஆவியை உறிஞ்சி வெளியேற்றும் கூண்டு) கட்டாயம்.

கானிசாரோ வினைதான் இருப்பதிலேயே மலிவு. அடர் காரத்தில் ஆல்டிஹைடில் பாதி ஆல்கஹாலாகவும் மறுபாதி அமிலத்தின் உப்பாகவும் மாறுவதே இந்த வினை. 10 மி.லி. ஃபர்ஃபுராலை (11.6 கிராம், 0.12 மோல்) பனிக்கட்டியில் குளிர வைத்து, 6.5 மி.லி. நீரில் கரைத்த 3.2 கிராம் சோடியம் ஹைட்ராக்சைடைச் சொட்டுச் சொட்டாக விடுங்கள். வெப்பம் 20°C-ஐத் தாண்டக் கூடாது. சோடியம் ஃபியூரோயேட் (ஃபியூரோயிக் அமிலத்தின் உப்பு) பிரியப் பிரிய கலவை கூழாக இறுகி, காந்தக் கலக்கி நின்றுவிடும். அப்படியே விட்டால் நடுவில் சூடேறிப் பழுப்புப் பிசின் கட்டும். கண்ணாடிக் கோலால் கிளறிக்கொண்டே ஒரு மணி நேரம் வைத்திருக்க வேண்டும்.

அடுத்து வரும் வேலைகளின் வரிசைதான் இந்த முறையின் உயிர். உப்பு கரையும் அளவுக்கு மட்டும் நீர் சேர்த்து, ஈதரால் நான்கு முறை பிரித்தெடுங்கள். ஃபர்ஃபுரைல் ஆல்கஹால் நீரோடு கலக்கக்கூடியது. நீர் கூடினால் அது நீரிலேயே தங்கிவிடும். ஈதர் அடுக்கைத் தனியே எடுத்து வைத்த பிறகே நீரடுக்கில் ஹைட்ரோகுளோரிக் அமிலம். ஆல்கஹால் உள்ளே இருக்கும்போதே அமிலத்தை ஊற்றினால் சிவந்து, கறுத்து, கெட்டியாகிவிடும். அளவு பெரிதானால் பொங்கிச் சீறும்.

pH 2-க்கு வந்ததும் ஃபியூரோயிக் அமிலம் விழும். 15°C-இல் ஒரு கிராம் கரைய 26 மி.லி. நீர் போதும், ஆகவே வடிதாளைத் தாராளமாக நீர் ஊற்றிக் கழுவுபவர் விளைச்சலைத்தான் கழுவி விடுகிறார். கணக்குப்படி 6.7 கிராம் அமிலமும் 5.9 கிராம் ஆல்கஹாலும் வர வேண்டும். கவனமாகச் செய்தால் இரண்டிலும் அறுபது விழுக்காட்டை ஒட்டிக் கிடைக்கும்.

ஆல்கஹால் மட்டும் போதுமென்றால் கானிசாரோ வீண். சரக்கில் பாதி அமிலமாகப் போய்விடும். அதே 0.12 மோலுக்கு 1.1 கிராம் சோடியம் போரோஹைட்ரைடே கணக்குக்குப் போதும்; 1.5 கிராமை மெத்தனாலில், 5°C-க்குக் கீழே, சிறிது சிறிதாகச் சேருங்கள். ஹைட்ரஜன் வெளியேறும், குடுவையை மூடாதீர்கள். வினையை நிறுத்த அம்மோனியம் குளோரைடு கரைசல் போதும், ஹைட்ரோகுளோரிக் அமிலம் வேண்டாம். காரணம், மேலே சொன்னபடி அமிலம் பட்டால் ஆல்கஹால் கறுத்துக் கெட்டியாகிவிடும்.

அமிலம் மட்டும் வேண்டுமென்றால் சில்வர் ஆக்சைடு. அது வளையத்தை உடைக்காமல் ஆல்டிஹைடு தொகுதியை மட்டும் ஆக்சிஜனேற்றுகிறது. பெர்மாங்கனேட் சற்றுக் கூடினாலும் வளையத்தையே தின்றுவிடும். ஆனால் 0.12 மோலுக்கு 27.8 கிராம் சில்வர் ஆக்சைடு என்பது மாணவர் ஆய்வகத்துக்குக் கட்டுப்படியாகாது. காப்பர் ஆக்சைடோடு சேர்த்து வினையூக்கியாகக் கொஞ்சமாகப் போட்டு, காரக் கரைசலில் 50–55°C-இல் ஆக்சிஜன் செலுத்துவதே சரி; 86–90% வரை கிடைக்கும். ஃபர்ஃபுராலை மெதுவாக விட வேண்டும், மொத்தமாக ஊற்றினால் அதே காரத்தில் கானிசாரோ முந்திக்கொள்ளும். சில்வர் ஆக்சைடை அம்மோனியாவில் கரைத்து வைக்கும் பழக்கம் இங்கே வேண்டாம், நின்றால் வெடிக்கும் படிவு உண்டாகும்.

எந்த வழியில் வந்த அமிலமானாலும் உருகுநிலை 130°C-ஐ ஒட்டி இல்லையென்றால், குறைந்த அளவு கொதிநீரில் கரித்தூளோடு கொதிக்க வைத்து, சூடாக வடிகட்டி, மறுபடி படிகமாக்குங்கள்.